ஒசாகாவில் குடியேறப் போகிறீர்களா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வேலைக்கோ படிப்புக்கோ ஒசாகா வரப்போகிறவர்கள் எனக்கு அனுப்பும் கேள்விகளில் முக்கால்வாசி ஒன்றுபோலவே இருக்கும். ஆளாளுக்குத் தனித்தனியாகப் பதில் எழுதி அலுத்துவிட்டது. அதனால்தான் இந்தப் பக்கம். விசா, வரி சமாச்சாரம் இதில் கிடையாது. வீடு, சாப்பாடு, ரயில், பொழுதுபோக்கு, அவ்வளவுதான்.

டோக்கியோவில் இரண்டு வருஷம் இருந்திருக்கிறேன். ஒசாகாவும் அதே மாதிரிதானே?

இல்லை. ஷின்கான்சென் புல்லட் ரயிலில் இரண்டரை மணி நேரம்தான் தூரம், ஆனால் இறங்கியதும் எஸ்கலேட்டரிலேயே தெரிந்துவிடும். டோக்கியோவில் இடப்பக்கம் ஒதுங்கி நிற்பார்கள், இங்கே வலப்பக்கம். 1967 வாக்கில் உமேதா நிலையத்தில் ஹன்க்யூ ரயில்காரர்கள் "அவசரமாகப் போகிறவர்களுக்கு இடப்பக்கத்தை விடுங்கள்" என்று ஒலிபெருக்கியில் சொல்லப்போய் அதுவே பழக்கமாகிவிட்டது என்பார்கள். இப்போது "நடக்காதீர்கள், இரண்டு பக்கமும் நில்லுங்கள்" என்று ஒலிபெருக்கிகள் கெஞ்சுகின்றன. யாரும் காதில் போட்டுக்கொள்வதில்லை.

பெரிய வித்தியாசம் பேச்சில்தான். இது வியாபாரிகளின் ஊர். 1730-லேயே தோஜிமாவில் அரிசிக்கு முன்பேர வணிகம் நடத்தியவர்கள். வாயைத் திறக்காமல் வியாபாரம் ஆகுமா? காய்கறிக் கடையில் நீங்கள் முட்டைக்கோஸைக் கையில் எடுத்தால், பின்னால் நிற்கும் அம்மா "அதைவிட இது கனம், இதை எடு" என்பார். சட்டை நன்றாக இருக்கிறது என்று சொன்னால் நன்றி வராது. "எவ்வளவுன்னு சொல்லு பார்ப்போம்? 980 யென்!" என்று வரும். அதிக விலை கொடுத்ததைப் பெருமையடித்துக்கொள்ளும் ஆளை நான் இங்கே அபூர்வமாகத்தான் பார்த்திருக்கிறேன்.

வீடு பிடிக்க எவ்வளவு பணம் கையில் வேண்டும்?

வாடகையைப்போல நான்கைந்து மடங்கு வைத்துக்கொள்ளுங்கள். முதல் மாத வாடகை, 'ஷிகிகின்' என்ற டெபாசிட், 'ரெய்கின்' என்ற நன்றிக் காணிக்கை (வீட்டுக்காரருக்கு, திரும்பி வராது), ஏஜென்ட் கமிஷன், ஜாமீன் கம்பெனிக் கட்டணம், பூட்டு மாற்றும் செலவு, தீ விபத்துக் காப்பீடு. இந்த ரெய்கினை எத்தனை தடவை யோசித்தாலும் என் மனசு ஆறாது. வீட்டுக்காரர் தன் வீட்டில் வாடகை கொடுத்துக் குடியிருக்க அனுமதித்ததற்கு நானே அவருக்குப் பரிசு தரவேண்டுமாம். யூஆர் என்ற அரசு சார்ந்த வீட்டு அமைப்பின் குடியிருப்புகளில் ரெய்கின், கமிஷன், ஜாமீன் மூன்றும் கிடையாது. கட்டடம் கொஞ்சம் பழசாக இருக்கலாம். நான் அங்கேதான் ஒதுங்கினேன். அதற்கு முன் ஒரு ஏஜென்ட் என் கண்ணெதிரே ஆறு வீட்டுக்காரர்களுக்குப் போன் போட்டார். "வெளிநாட்டவர்தான், ஆனால் ஜப்பானிய மொழி பேசுவார்" என்று அவர் ஆரம்பித்ததுமே நான்கு இடத்தில் பேச்சு முடிந்துவிட்டது. மனசைத் தயார்ப்படுத்திக்கொண்டு போங்கள்.

அறையின் அளவைப் பாய்க் கணக்கில் சொல்வார்கள். ஆறு பாய் என்றால் ஏறக்குறைய பத்து சதுர மீட்டர். இன்னொன்று, இதை யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை: பெரும்பாலான வீடுகளில் அறைக்கு விளக்கே இருக்காது. கூரையில் ஒரு வெள்ளைக் கொக்கி மட்டும் இருக்கும், விளக்கை நீங்கள்தான் வாங்கி மாட்டவேண்டும். என் முதல் இரவு போன் டார்ச் வெளிச்சத்திலும், திறந்துவைத்த குளியலறைக் கதவின் புண்ணியத்திலும் கழிந்தது. பகலிலேயே சாவி வாங்குங்கள், திரைச்சீலையும் கையோடு வாங்குங்கள்.

குப்பை விஷயத்தில் பயமுறுத்துகிறார்களே?

ஒசாகா மாநகரம் மற்ற ஊர்களோடு ஒப்பிட்டால் சாது. சாதாரணக் குப்பை வாரம் இரண்டு நாள். பாட்டில்-டப்பா, பிளாஸ்டிக், பழைய காகிதம் ஒவ்வொன்றுக்கும் வாரம் ஒருநாள். பை உள்ளே இருப்பது தெரியும்படி இருக்கவேண்டும். மெத்தை, அலமாரி போன்றவற்றுக்கு முன்பதிவு செய்து, கடையில் 200 யென் முதல் 1,000 யென் வரை ஒட்டுச்சீட்டு வாங்கி ஒட்டி வைக்கவேண்டும். தப்பான நாளில் வைத்தால் எச்சரிக்கைத் தாள் ஒட்டப்பட்டு உங்கள் பை மட்டும் தனியாக வாசலில் உட்கார்ந்திருக்கும். அக்கம்பக்கம் முழுக்கப் பார்க்கும்.

நான் சுத்த சைவம். பிழைக்க முடியுமா?

பிழைக்கலாம், வெளியே சாப்பிட்டு அல்ல. பிரச்சினை கறித்துண்டு இல்லை, 'தாஷி' என்ற சாறு. கொம்பு என்னும் கடற்பாசியும் உலர்த்திச் சீவிய கத்சுவோ மீனும் சேர்ந்த இந்தச் சாறுதான் ஜப்பானியச் சமையலின் அடித்தளம். எடோ காலத்தில் (17-19ஆம் நூற்றாண்டு) வடக்கே ஹொக்காய்தோவிலிருந்து கப்பலில் வந்த கொம்பு இந்த ஊரில்தான் குவிந்தது. அதனால் சாறு விஷயத்தில் ஒசாகாக்காரர்களுக்குத் தனிக் கர்வம். 'கித்சுனே உதோன்' என்ற நூடுல்ஸைக் கேட்டால் மேலே இனிப்பாக ஊறிய வறுத்த தோஃபு மட்டும் மிதக்கும், பார்க்கச் சைவம். குழம்பில் மீன். சோபா என்ற இன்னொரு நூடுல்ஸுக்குத் தொட்டுக்கொள்ளும் சாஸில் மீன். நத்தோ என்ற புளித்த சோயாவோடு வரும் குட்டிப் பாக்கெட்டில் மீன். கடைக்காரரிடம் "இறைச்சி உண்டா?" என்று கேட்டால் "இல்லவே இல்லை" என்று மனசாரச் சொல்வார். அவர் பொய் சொல்லவில்லை. மீன் அவருக்கு இறைச்சிக் கணக்கில் வராது. ஆகவே "கத்சுவோ தாஷி உண்டா?" என்றே கேளுங்கள்.

சுஷிக் கடையில் வெள்ளரிக்காய் உருட்டல் 'கப்பா மாகி' உண்டு. நிறைய இந்திய உணவகங்கள் இருக்கின்றன, பெரும்பாலும் வடநாட்டு நான், பட்டர் சமாச்சாரம். மளிகைக்குக் கோபே பக்கம். அங்கே இந்திய வணிகக் குடும்பங்கள் பல தலைமுறைகளாக இருக்கின்றன, ஜைனக் கோயில்கூட உண்டு. ரயிலில் அரைமணி நேரம். துவரம்பருப்பும் உளுந்தும் மூட்டையாக வாங்கிவந்து குக்கர் வைத்துக்கொள்கிற ஆள்தான் இங்கே நிம்மதியாக இருக்கிறார்.

மற்றவர்களுக்கு? தகோயாகி என்றால் என்ன, ஏன் இத்தனை ஆர்ப்பாட்டம்?

நம்ம பணியாரக்கல்லைப் பார்த்திருந்தால் பாதி புரிந்துவிட்டது. குழிக்கல்லில் மாவு ஊற்றி, ஒவ்வொரு குழியிலும் ஒரு துண்டு ஆக்டோபஸ், வெங்காயத்தாள், சிவப்பு இஞ்சி. மாவு நம் பணியார மாவைவிடப் படு தண்ணியாக, குழிக்கு வெளியேயும் வழிந்து கல் முழுக்கப் பரவி இருக்கும். இரண்டு நிமிஷம் கழித்து இரும்புக் குச்சியால் கோடுகோடாகக் கிழித்து, வழிந்த ஓரங்களை ஒவ்வொரு குழிக்குள்ளும் சுருட்டித் திணித்து, முதலில் கால் வட்டம் திருப்புவார்கள். ஒரேயடியாக முழுக்கத் திருப்பினால் உருண்டை சரியாக வராது. வெளியே மொறுமொறு, உள்ளே கூழ். கூழின் சூடு அசாத்தியம். முதல் தடவை நான் ஒன்றை அப்படியே வாயில் போட்டுக்கொண்டு தோதோன்போரிப் பாலத்தில் நின்று கண்ணீர் விட்டது இங்கே நண்பர்களிடம் இன்னும் ஓடுகிற கதை.

இந்த ஊரில் பல வீடுகளில் தகோயாகி மெஷின் இருக்கும். ஞாயிற்றுக்கிழமை கூடிச் சுட்டுத் தின்பதற்கு 'தகோபா' என்று பெயர். கூப்பிட்டால் கட்டாயம் போங்கள், ஆனால் குச்சியை நீங்களாக எடுக்காதீர்கள். திருப்புவது எப்படி என்பதில் அந்த வீட்டுக்கென்று ஒரு கொள்கை இருக்கும். சைவக்காரர்கள் சீஸும் சோளமும் போட்டுக்கொள்ளலாம். கடையில் வாங்கும் மாவுப் பொடியிலேயே மீன் தூள் கலந்திருக்கும் என்பதால் வெறும் கோதுமை மாவைக் கையில் கொண்டுபோங்கள். மெஷின், குச்சி எல்லாம் நம்பா பக்கம் தோகுயாசுஜி என்ற பாத்திரக்கடைத் தெருவில் கிடைக்கும். கடை ஜன்னல்களில் வைக்கிற பிளாஸ்டிக் உணவு மாதிரிகளும் அங்கேதான்.

ஷின்செகாய் பேட்டையில் 'குஷிகத்சு', குச்சியில் செருகிய பஜ்ஜி என்று வைத்துக்கொள்ளுங்கள். பொதுச் சாஸ் கிண்ணம் வைத்திருந்தால் ஒருமுறை மட்டுமே முக்கவேண்டும். கடித்த பஜ்ஜியை மறுபடி முக்கினால் கடையே உங்களைப் பார்க்கும். கொரோனாவுக்குப் பிறகு பல கடைகள் பாட்டிலுக்கு மாறிவிட்டன, பலகை மட்டும் இன்னும் மிரட்டிக்கொண்டிருக்கிறது.

ரயில், சைக்கிள் எப்படி?

ரயிலுக்கு 'இகோகா' அட்டை வாங்குங்கள். பெயரிலேயே ஒசாகா நக்கல் இருக்கிறது: இந்த ஊர்ப் பேச்சில் "இகோ கா" என்றால் "போலாமா?" சிவப்புக் கோட்டு மிதோசுஜி சுரங்கப்பாதை 1933-இல் திறந்தது. காலையில் கூட்டம் நெருக்கும். பெண்களுக்கான பெட்டி நடைமேடையில் இளஞ்சிவப்பில் குறித்திருக்கும், ஆண்கள் தெரியாமல் ஏறிவிடாதீர்கள். கடைசி ரயில் நள்ளிரவு வாக்கில் போய்விடும். அதை விட்டால் டாக்சிக்கு இரவுக் கட்டணம், இல்லாவிட்டால் விடியும்வரை கரோக்கே.

உமேதா நிலத்தடிக் கடைத்தெருக்களில் நான் இத்தனை வருஷம் கழித்தும் தொலைகிறேன். யாரையாவது சந்திக்க வேண்டுமென்றால் "ஹன்க்யூ நிலையத்தின் பிக் மேன் திரைக்கு எதிரில்" என்று சொல்லுங்கள், ஊரே அங்கேதான் காத்து நிற்கும்.

ஊர் தட்டையாக இருப்பதால் எல்லோரிடமும் 'மாமாசாரி' உண்டு, முன்னால் கூடை வைத்த சைக்கிள். ஒசாகா அம்மாக்கள் கைப்பிடியில் குடை செருகும் கருவி பொருத்தியிருப்பார்கள். கையில் குடை பிடித்து ஓட்டுவது குற்றம். போனைப் பார்த்துக்கொண்டு ஓட்டினால் 2024 நவம்பரிலிருந்து ஆறு மாதம்வரை சிறை அல்லது 1,00,000 யென்வரை அபராதம். ஒசாகா மாகாணத்தில் சைக்கிளுக்கு 2016 முதல் காப்பீடு கட்டாயம். நிலையத்து வாசலில் நிறுத்திவிட்டுப் போனால் லாரியில் ஏற்றிக்கொண்டு போய்விடுவார்கள். எனக்கு இரண்டு தடவை ஆயிற்று; இரண்டு தடவையும் தப்பு என்னுடையதுதான்.

மன்சாய் என்கிறார்களே, மொழி தெரியாமல் ரசிக்க முடியுமா?

கவுண்டமணி-செந்திலை ரசித்தவருக்கு இலக்கணம் கற்றுத்தர வேண்டியதில்லை. இரண்டு பேர், நடுவில் ஒற்றை மைக். ஒருவர் 'போகே', அபத்தமாகச் சொல்வார். இன்னொருவர் 'த்சுக்கோமி', அதைப் பிடித்துக்கொண்டு மண்டையில் தட்டுவார். "நான்தே யானேன்!" (என்னய்யா இது!) என்ற ஒரு சொல்லை வைத்துக்கொண்டே முழு நிகழ்ச்சியைப் பின்தொடர்ந்த நண்பர் எனக்கு உண்டு. நம்பாவில் யோஷிமோதோ நிறுவனத்தின் கிராண்ட் ககெத்சு அரங்கில் அனேகமாக எல்லா நாளும் உண்டு. முதலில் மன்சாய் ஜோடிகள் வரிசையாக வருவார்கள், பிறகு 'ஷின்கிகெகி' என்ற நகைச்சுவை நாடகம். ஒருவர் அசட்டுத்தனமாக ஏதாவது சொன்னதும் மேடையில் அத்தனை பேரும் ஒரே நேரத்தில் தடாலென்று சரிந்து விழுவார்கள். டிக்கெட் 5,000 யென் அளவில். இந்த நிறுவனம் 1912-இல் தொடங்கியது. டிசம்பரில் தொலைக்காட்சியில் எம்-1 என்ற மன்சாய் இறுதிப்போட்டி வரும், அன்றைக்கு ஊரே வீட்டில் இருக்கும்.

மேடைக்கு வெளியேதான் விசேஷம். பள்ளிக்கூடத்தில் இங்கே மதிப்பெண் எடுக்கும் பையனைவிடச் சிரிக்கவைக்கும் பையனுக்குத்தான் மவுசு. நீங்கள் ஒரு கதை சொல்லி முடித்ததும் ஒசாகாக்காரர் "சரி, ஓச்சி எங்கே?" என்பார். ஓச்சி என்றால் கதை முடிவில் சிரிப்பு வெடிக்கும் இடம். அலுவலகத்தில் என் மேலாளர் முதல் மாதமே இதைக் கேட்டார், நான் சொல்லிக்கொண்டிருந்தது பல் பிடுங்கிய கதை.

இதன் நேரெதிர் ரசனைக்கு, நிப்பொன்பாஷியில் 1984-இல் திறந்த தேசிய புன்ராக்கு அரங்கம். ஒரு பொம்மைக்கு மூன்று பேர். தலையையும் வலக்கையையும் இயக்குகிறவர் முகம் மறைக்காமல் நிற்பார், மற்ற இருவரும் கறுப்புத் துணிக்குள். பத்து நிமிஷத்தில் மூன்று பேரும் கண்ணிலிருந்து மறைந்து, பொம்மை மட்டும் அழும். ஓர் அங்கத்துக்கு மட்டும் டிக்கெட் வாங்கலாம்.

நான் கிரிக்கெட் ஆள். பேஸ்பால் பார்க்கத்தான் வேண்டுமா?

ஹன்ஷின் டைகர்ஸ் என்று ஒரு மதம் இங்கே இருக்கிறது, அதைத் தெரிந்துகொள்ளாமல் அலுவலகத்தில் காலம் தள்ளமுடியாது. மைதானம் கோஷியென், 1924-இல் கட்டியது. சுவர் முழுக்கப் படர்கொடி. உண்மையில் அது பக்கத்து ஹியோகோ மாகாணத்தில் இருக்கிறது, ஒசாகாக்காரர்கள் அதைப் பொருட்படுத்துவதில்லை. உமேதாவிலிருந்து ரயிலில் கால்மணி நேரம்.

1985-இல், இந்த அணி நாட்டுச் சாம்பியனைத் தீர்மானிக்கும் ஜப்பான் தொடரை வென்ற ஆண்டு, ரசிகர்கள் ஒவ்வொரு வீரருக்கும் அவர் சாயலுள்ள ஓர் ஆளைத் தோதோன்போரிக் கால்வாயில் குதிக்கவைத்தார்கள். அமெரிக்க வீரர் ராண்டி பாஸுக்குத் தாடி வைத்த வெள்ளைக்காரர் யாரும் சிக்கவில்லை. பக்கத்துக் கேஎஃப்சி வாசலில் நின்ற கர்னல் சாண்டர்ஸ் பொம்மையைத் தூக்கிப் போட்டுவிட்டார்கள். அதற்குப் பிறகு அணி ஜப்பான் தொடர்க் கோப்பையைத் தொடவே இல்லை; கர்னலின் சாபம் என்று ஆயிற்று. 2009-இல் பொம்மையைக் கால்வாயிலிருந்து எடுத்தார்கள், கண்ணாடியும் இடக்கையும் இல்லாமல். சாபம் 2023-இல் தீர்ந்தது, 38 வருஷம் கழித்து. எதிரணியும் ஒசாகாவின் ஓரிக்ஸ்தான்.

வலப்பக்க வெளிமைதான இருக்கை வாங்குங்கள். ஒவ்வொரு வீரருக்கும் ஒரு பாட்டு உண்டு, அத்தனையும் பக்கத்து இருக்கை அப்பாவுக்கும் அவருடைய ஐந்து வயசுப் பெண்ணுக்கும் மனப்பாடம். முதுகில் பீர் பீப்பாயைக் கட்டிக்கொண்டு இளம்பெண்கள் படிகளில் ஏறி இறங்கி விற்பார்கள். ஆகஸ்டில் அதே மைதானத்தில் உயர்நிலைப்பள்ளிப் போட்டி, நாடு முழுவதிலிருந்தும் 49 பள்ளிகள். தோற்ற பையன்கள் மண்டியிட்டு மைதானத்துக் கறுப்பு மண்ணைப் பையில் அள்ளிக்கொண்டு போவார்கள். அதை ஒருதடவை நேரில் பாருங்கள்.

சினிமாவுக்குப் போனால் விசில் அடிக்கலாமா?

கூடவே கூடாது. 2,000 யென் டிக்கெட், இடைவேளை கிடையாது, கடைசி எழுத்து ஓடி விளக்குப் போடும்வரை யாரும் எழுந்திருக்கமாட்டார்கள். பல அரங்குகளில் மாதத்தின் முதல் தேதி விலை குறையும். நம் 'முத்து' படம் 1998-இல் ஜப்பானில் சக்கைப்போடு போட்டது உங்களுக்கே தெரிந்திருக்கும். நடுத்தர வயசு ஜப்பானியர்கள் இன்னும் அதைச் சொல்வார்கள். விசிலுக்கு விதிவிலக்கு 'மசாலா காட்சி'. உமேதாவுக்குப் பக்கத்தில் அமாகசாகியில் த்சுகாகுச்சி சன்சன் என்ற அரங்கு இதற்குப் பேர்போனது. கத்தலாம், ஆடலாம், காகிதத்தூள் வீசலாம், கிராக்கர் வெடிக்கலாம். படம் முடிந்ததும் ரசிகர்களே காகிதத்தூளைப் பொறுக்கத் தொடங்கிவிடுவார்கள். அந்த இரண்டாம் பாதிதான் எனக்கு அசல் ஜப்பான்.

கரோக்கே, கேம் சென்டர், பச்சின்கோ?

கரோக்கே வார நாளில் பகலில் போங்கள், அடிமாட்டு விலை. தனியாகப் போவதில் வெட்கமே இல்லை, அதற்கு 'ஹிதோகாரா' என்று பெயரே உண்டு. முதல் கரோக்கே பெட்டிகளில் ஒன்றை 1971-இல் கோபேயில் செய்த இனோவே தைசுகே காப்புரிமை வாங்காமல் விட்டுவிட்டார். கேம் சென்டரில் பொம்மை தூக்கும் கொக்கி 100 யென், 100 யென்னாக உங்கள் பணத்தைக் கறக்கும். பச்சின்கோ என்ற குண்டு உருளும் சூதாட்ட மெஷின் பக்கம் போகாதீர்கள், அவ்வளவுதான்.

பொதுக் குளியலறைக்குப் போகக் கூச்சமாக இருக்கிறது.

முதல் ஐந்து நிமிஷம்தான். ஆண், பெண் தனித்தனி. செந்தோ என்ற இந்தப் பொதுக் குளியலறையில் கட்டணம் 600 யென் அளவில். துணி எதுவும் உடம்பில் இருக்கக்கூடாது. முதலில் ஸ்டூலில் உட்கார்ந்து சோப்புப் போட்டுக் குளித்துவிட்டு, பிறகு தொட்டியில் இறங்கவேண்டும். மஞ்சள் பிளாஸ்டிக் வாளியின் அடியில் 'கெரோரின்' என்ற வலி மருந்து விளம்பரம் இருக்கும். டோக்கியோ வாளியைவிட இங்குள்ளது சின்னது. இந்தப் பக்கத்து ஆட்கள் தொட்டித் தண்ணீரையே மொண்டு ஊற்றிக்கொள்வார்கள், பெரிய வாளி கனக்குமாம். ஒரு மூலையில் 'தெங்கிபுரோ' இருக்கும், மின்சாரம் பாயும் தொட்டி. தெரியாமல் இறங்கினால் இடுப்பை யாரோ பிடித்து முறுக்குவதுபோல இருக்கும். பெரியவர்கள் அதில் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். வெளியே வந்ததும் 'ஹியாஷி அமே' கிடைத்தால் குடியுங்கள், மால்ட் பாகில் இஞ்சி கலந்த குளிர்பானம். பானகத்துக்கு ஒன்றுவிட்ட தம்பி.

காசு செலவில்லாமல் ஞாயிறு கழிக்க?

தென்ஜின்பாஷிசுஜி கடைத்தெரு, மேலே கூரை, 2.6 கிலோமீட்டர். மழைநாளிலும் நடக்கலாம். ஜூலை 24, 25 தென்ஜின் திருவிழா. 25 மாலை நூறு படகுகள் ஆற்றில், மேலே வாணவேடிக்கை. புழுக்கம் சென்னைக்காரரையே அழவைக்கும். ஜனவரி 9 முதல் 11 வரை இமாமியா எபிசு கோயிலில் வியாபாரம் செழிக்க மூங்கில் கிளை வாங்கும் கூட்டம். எபிசு சாமிக்குக் காது மந்தமாம், ஆகவே பின்பக்கம் போய் ஒருமுறை தட்டிக் கூப்பிட்டு வேண்டுதலை இன்னொரு தடவை சொல்வார்கள். ஏப்ரலில் நாணயச் சாலை தன் செர்ரி மர நடைபாதையை ஒரு வாரம் திறந்துவிடும், 1883-இலிருந்து இருக்கும் வழக்கம். ஒசாகா கோட்டைப் பூங்காவும் இலவசம். கோபுரம் மட்டும் 1931-இல் ஊர்மக்கள் நன்கொடையில் எழுந்த கான்கிரீட், உள்ளே லிஃப்ட் உண்டு. ஏமாந்துவிடாதீர்கள்.

சம்பளம் போதுமா?

சூப்பர்மார்க்கெட்டுக்கு இரவு எட்டு மணிக்குப் போனால் போதும். ஓர் ஊழியர் ஸ்டிக்கர் துப்பாக்கியோடு வருவார், பெட்டிச் சோற்றிலும் பொரியலிலும் 'ஹன்காக்கு' என்று ஒட்டிக்கொண்டே போவார். பாதி விலை என்று அர்த்தம். அவர் பின்னால் நான்கைந்து பேர் தயிரைப் பார்க்கிற பாவனையில் நகர்ந்துகொண்டிருப்பார்கள். அதில் ஒருவன் நான்.

ரயிலில் ஒரு பாட்டி என் குழந்தைக்கு மிட்டாய் நீட்டினார். வாங்கலாமா?

வாங்குங்கள். ஒசாகாப் பாட்டிகளின் கைப்பையில் எப்போதும் அது இருக்கும், மிட்டாய்க்கு மரியாதை சேர்த்து 'அமே-சான்' என்பார்கள், மிட்டாயம்மா என்கிற மாதிரி. "ஓகினி" என்று நன்றி சொன்னால் முகம் மலர்ந்து உங்களுக்கும் ஒன்று தருவார். உங்கள் பையிலும் நாலைந்து போட்டு வைத்துக்கொள்ளுங்கள். என்னிடம் எப்போதும் இஞ்சி மிட்டாய் இருக்கும்; போன வாரம் ஒரு பாட்டிக்குத் திருப்பிக் கொடுத்தேன், காரமாக இருக்கிறது என்று திட்டிக்கொண்டே இன்னொன்று கேட்டார்.